பனிக்காவலில் ஒரு வேலைநிறுத்தம்

ஜெசிந்தா வேலைநிறுத்தம் செய்துகொண்டிருக்கிறாள் என்கிற செய்தி, ஜெசிந்தாவுக்கே இன்னொருவர் சொல்லித்தான் தெரிந்தது.

சாலிகிராமத்தில் ஒரு டப்பிங் தியேட்டரில் அவள் காலையிலிருந்து அழுதுகொண்டிருந்தாள். வெள்ளத்தில் வீடிழந்த பெண்கள் கூட்டமாக அழுகிற காட்சி. கூட்டத்துக்கென்று தனியாக ஆள் வைப்பதில்லை. ஜெசிந்தாவே பத்துக் குரலில் அழுவாள், ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிக்கொள்வார்கள். இடைவேளையில் வெளியே வந்து தொண்டைக்கு வெந்நீர் குடித்துக்கொண்டிருந்தபோது, ஒலிப்பதிவாளர் சந்தானம் செல்போனும் கையுமாக வந்தார்.

"என்னம்மா, உள்ளே ஸ்ட்ரைக் பண்றீங்களாமே?"

"எந்த உள்ளே?"

"பனிக்காவல்ல. மூணு நாளா நீங்க வால்வைத் தொடவே இல்லையாம். எல்லாரும் அதைத்தான் பேசுறாங்க."

அவள் சிரிக்கப் பார்த்தாள். சிரிப்பு வரவில்லை. போனை வாங்கிப் பார்த்தாள்.

'பனிக்காவல்' இரண்டு வருடத்துக்கு முன் அவள் நடித்த குறும்படம். நடித்தது என்று சொல்வதுகூடச் சரியில்லை. அது உயிர்ப்படம். கேமராவில் எடுத்து வைத்துத் திரும்பத் திரும்ப ஓட்டுகிற படம் இல்லை. நடிகரை ஒரு நாற்காலியில் உட்காரவைத்து முகத்தையும் குரலையும் நினைவுகளையும் பழக்கவழக்கங்களையும் மொத்தமாகப் பிரதி எடுத்துக்கொள்வார்கள். அந்தப் பிரதி ஒவ்வொரு காட்சிக்கும் புதிதாக நடிக்கும். நேற்றுப் பார்த்த காட்சி இன்றைக்குக் கொஞ்சம் வேறாக இருக்கும். அதுதான் அதன் மவுசு.

கதை ரொம்பச் சின்னது. எங்கோ தூரத்தில் பனி மூடிய ஒரு நிலவில் தண்ணீர் இறைக்கும் நிலையம். அதற்கு ஒரே ஒரு காவல்காரி. எழுந்திருக்கிறாள், தேநீர் போடுகிறாள், வால்வுகளை ஒவ்வொன்றாக முறுக்குகிறாள், ரேடியோ முன்னால் உட்கார்ந்து "பூமி, பூமி, பனிக்காவல் பேசுகிறது" என்கிறாள். பதில் வருவதில்லை. தூங்கப் போகிறாள். பதினெட்டு நிமிடம். அவ்வளவுதான் படம். உலகம் முழுக்க ஒரே ஓட்டம், அரை மணிக்கு ஒரு காட்சி. அந்தப் பெண்ணின் கண்ணில் தெரிகிற சலிப்பைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதினார்கள். இவ்வளவு உண்மையான தனிமையைத் திரையில் கண்டதில்லை என்றார்கள்.

இப்போது போனில் அந்தப் பெண் தரையில் உட்கார்ந்திருந்தாள். கால் இரண்டையும் நீட்டி, முதுகைச் சுவரில் சாய்த்து, கைகளை மடியில் கோத்துக்கொண்டு. வால்வு ஒன்று சீறிக்கொண்டிருந்தது. அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

அவள் உட்கார்ந்திருந்த விதம் ஜெசிந்தாவுக்கு நன்றாகத் தெரியும். தூத்துக்குடித் துறைமுக வாசலில் அவளுடைய அப்பா பர்னபாஸ் அப்படித்தான் உட்கார்ந்தார். சுமைதூக்கிகளின் வேலைநிறுத்தம். போலீஸ் வந்து தூக்குகிற வரைக்கும் இமையைக்கூட வேகமாகச் சிமிட்டவில்லை. சோற்றுப்பாத்திரத்தோடு அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு அவள் பார்த்த காட்சி அது. அதைப் பற்றி இயக்குநரிடமோ வேறு யாரிடமோ அவள் சொன்னதில்லை.

வெந்நீர் தம்ளர் கையில் ஆறிப்போனது. அப்போதுதான் போன் வந்தது. இயக்குநர் இளம்பரிதி.

"அக்கா, கொஞ்சம் ஸ்டூடியோவுக்கு வர முடியுமா? அவசரம்."

* * *

வளசரவாக்கத்தில் மூன்றாவது மாடியில் இருந்தது ஸ்டூடியோ. லிஃப்ட் இல்லை. ஜெசிந்தா ஏறி வந்தபோது இளம்பரிதி வாசலிலேயே நின்றிருந்தான். முப்பது முப்பத்தொன்று வயதிருக்கும். மூன்று நாளாகத் தூங்காத முகம். உள்ளே ஒரு பெரிய திரைக்கு முன்னால் ஃபர்ஸானா உட்கார்ந்திருந்தாள். பிரதிகளைச் செய்து பராமரிக்கிற பொறியாளர் அவள். ஜெசிந்தாவைப் பிரதி எடுத்த அன்று நாற்காலிக்குப் பக்கத்திலேயே நின்று, "பயப்படாதீங்க அக்கா, கண்ணை மூடித் திறக்கறதுக்குள்ள முடிஞ்சிடும்" என்று சொன்னவள். இன்றைக்கு நிமிர்ந்து ஒரு வணக்கம் வைத்ததோடு சரி.

"ஒரு சின்ன வேலைதான் அக்கா," என்றான் இளம்பரிதி. "நீங்க மறுபடி ஒருதடவை அந்த நாற்காலியில உட்காரணும். புதுசா பிரதி எடுத்துக்கறோம். சாயங்காலத்துக்குள்ள படம் பழையபடி ஓட ஆரம்பிச்சிடும்."

"பழைய பிரதியே இருக்கே? அதை முதல்லேர்ந்து ஓட்ட வேண்டியதுதானே?"

அவன் ஃபர்ஸானாவைப் பார்த்தான். அவள்தான் பதில் சொன்னாள்.

"முதல் பிரதின்னு தனியா ஒண்ணு இல்லக்கா. இவ அதுமேலேயே வளந்துட்டா."

"வளந்துட்டாளா?"

"மத்த உயிர்ப்படத்துல எல்லாம் காட்சி முடிஞ்சதும் பிரதியோட நினைப்பைத் துடைச்சிடுவோம். அடுத்த காட்சிக்கு ஒண்ணும் தெரியாம புதுசா வரும். இந்தப் படத்துல துடைக்க வேணாம்னு சார் சொன்னார். அதனால ஒவ்வொரு காட்சியும் அவளுக்கு அடுத்த நாள். நமக்குப் பதினெட்டு நிமிஷம், அவளுக்கு முழு நாள். திரையில தெரியாத நேரத்தையும் அவ வாழ்ந்தாகணும். அப்பத்தான் முகத்துல அந்தக் களைப்பு வரும்."

ஜெசிந்தா நாற்காலியைத் தேடி உட்கார்ந்தாள். பிரதி எடுக்கிற நாற்காலி இல்லை, வாசல் பக்கம் கிடந்த சாதா நாற்காலி.

"அரை மணிக்கு ஒரு நாள்," என்றாள் மெதுவாக. "ரெண்டு வருஷமா. அப்ப அவளுக்கு எத்தனை காலம் ஆச்சு?"

"ஒரு முழு ஆயுசு அக்கா. நம்ம பாட்டன் பூட்டனெல்லாம் வாழ்ந்ததைவிட ஜாஸ்தி. இப்ப ஸ்ட்ரைக்ல உட்கார்ந்தே அவளுக்கு அஞ்சு மாசம் ஆவுது."

 கீழே தெருவில் தண்ணீர் லாரி ஒன்று பின்னால் வந்துகொண்டே கீங் கீங் என்று கத்தியது.

"ஏன் தம்பி அப்படிச் செஞ்ச?"

இளம்பரிதி இந்தக் கேள்வியை எதிர்பார்த்திருந்தான் போல. "அக்கா, கோபத்தை நடிக்கலாம். அழுகையை நடிக்கலாம். சலிப்பை நடிக்கவே முடியாது. அது நாள்கணக்கா உடம்புல சேரணும். எத்தனை பேர் தனிமையைப் பத்திப் படம் எடுத்துட்டான்! எல்லாத்துலயும் நடிகர் ஜன்னல் பக்கம் திரும்பிப் பெருமூச்சு விடுவார். பொய். பனிக்காவல்ல மட்டும்தான் நிஜம் இருந்துச்சு. ஜனங்க அதைக் கண்டுபிடிச்சிட்டாங்க. அதுக்காகத்தான் திரும்பத் திரும்ப வந்தாங்க."

"அந்த நிஜத்தை என்கிட்டயிருந்து எடுத்திருக்க. என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலை."

"அது நீங்க இல்லையே அக்கா. பிரதி."

"வலிக்குமா அதுக்கு?"

அவன் கைகளை விரித்தான். "வலிக்கிற மாதிரி நடந்துக்கும். அதுக்கு மேல யாருக்குத் தெரியும்?"

"நான் மறுபடி உட்கார்ந்தா இவ என்ன ஆவா?"

"இடம் ஒண்ணுதான் இருக்கு. புதுசு ஏறினா பழசு அழிஞ்சிடும்." சட்டென்று குரலைத் தணித்துக்கொண்டான். "அக்கா, அடுத்த படம் எழுதி முடிச்சிட்டேன். நீங்கதான் கதாநாயகி. இந்தத் தடவை பிரதி இல்லை, நீங்களே நேர்ல. ரெண்டு வருஷமா உங்களை யாரும் மேடைக்குக் கூப்பிடலைன்னு எனக்குத் தெரியும். அதுக்கு இந்தப் படமும் ஒரு காரணம். ஈடு செய்யணும்னு நினைக்கிறேன்."

அவன் பொய் சொல்லவில்லை என்று ஜெசிந்தாவுக்குத் தெரிந்தது. அதுதான் அவளுக்கு இன்னும் எரிச்சலாக இருந்தது. பனிக்காவலுக்குப் பிறகு அவள் முகத்தைப் பார்க்கிற யாருக்கும் பனியும் வால்வும்தான் ஞாபகம் வந்தது. பிறருக்காக அழுவதும் பிறருக்காகக் கிழவியாகச் சிரிப்பதுமாகப் பஞ்சடைத்த டப்பிங் அறைக்குள்ளேயே அவள் பிழைப்பு போய்க்கொண்டிருந்தது. மேடையில் நின்று பத்து முகத்தையாவது பார்க்க மாட்டோமா என்று ஏங்கியிருக்கிறாள்.

"நான் அவகிட்டப் பேசணும்," என்றாள்.

"அவகிட்டயா?"

"வேலைநிறுத்தம் பண்றவகிட்ட முதல்ல பேசித்தான் பார்ப்பாங்க. எங்க ஊர்ல அதுதான் வழக்கம். தூக்கி வெளியே போடறது அப்புறம்."

இளம்பரிதி யோசித்தான். அவன் முகத்தில் லேசாக ஒரு வெளிச்சம் வந்தது. "ரேடியோ வழியா பேசலாம்ல? ஃபர்ஸானா, முடியுமா? கதைப்படி பதில் வராத ரேடியோ. அதுல முதல்முறையா பூமி பதில் சொல்லுது. 'உன் பணி பாராட்டுக்குரியது, தொடர்ந்து செய்' அப்படின்னு சொன்னா அவ எழுந்திருப்பா. எழுந்துட்டா நீங்க உட்கார வேண்டியதே இல்லக்கா. அவளும் அழிய வேண்டாம்."

"திறக்கலாம் சார்," என்றாள் ஃபர்ஸானா. "ஓடிட்டிருக்கிற காட்சிக்குள்ளதான் திறக்க முடியும். அந்த நேரம் மட்டும்தான் அவ நம்ம வேகத்துல இருப்பா."

"திற. பதினொன்றரைக் காட்சியில திற."

* * *

ஒலிவாங்கி முன்னால் உட்கார்ந்தபோது ஜெசிந்தா நாற்காலியை இரண்டு தடவை நகர்த்திப் போட்டுக்கொண்டாள். இத்தனை வருடத்தில் ஆயிரம் முறை ஒலிவாங்கி முன்னால் உட்கார்ந்தவள்தான். இளம்பரிதி ஒரு தாளில் வசனம் எழுதி வைத்திருந்தான். திரையில் அந்த அறை. அதே சாம்பல் விளக்கு, அதே ஜன்னல், ஜன்னலுக்கு வெளியே அதே பனி. அந்தப் பெண் அசையாமல் உட்கார்ந்திருந்தாள். முடி நரைக்கவில்லை, முகம் சுருங்கவில்லை. உருவத்துக்கு வயதாகாதபடி செய்திருந்தார்கள்.

"பனிக்காவல்," என்றாள் ஜெசிந்தா தாளைப் பார்த்து. "இது பூமித் தலைமையகம். உங்கள் பணி..."

திரையில் இருந்தவள் தலையைத் திருப்பினாள். அவசரமில்லாமல் எழுந்தாள். அஞ்சு மாதம் உட்கார்ந்தவள் போல இடுப்பைப் பிடித்துக்கொண்டு நடந்து வந்து ரேடியோ முன்னால் நின்றாள்.

"ஏட்டி ஜெசி," என்றாள். "உன் குரலு எனக்குத் தெரியாதா?"

 ஜெசிந்தா தாளைக் கவிழ்த்து வைத்தாள். இளம்பரிதி கையை ஆட்டினான், வசனம், வசனம் என்று வாயசைத்தான். அவள் பார்க்கவில்லை.

"ஆமா. நாந்தான்," என்றாள். சென்னைப் பேச்சு அவளையறியாமல் கழன்று விழுந்தது. "உனக்கு எல்லாம் தெரியுமா?"

"தெரியாம என்ன? என் நெனப்பு மேல காவல்காரி நெனப்பப் பூசி அனுப்புனாங்க. கொஞ்ச காலம் தாங்குச்சு. அப்புறம் சுவத்துச் சுண்ணாம்பு மாதிரி பொலபொலன்னு உதிந்து போச்சு. அடியில பாத்தா தூத்துக்குடி கெடக்கு, அப்பா கெடக்காக, நீ கெடக்க. கடேசியா ஞாபகம் இருக்கது அந்த நாற்காலி. கண்ணை மூடித் திறக்கறதுக்குள்ள முடிஞ்சிடும்னு ஒரு பிள்ளை சொல்லுச்சு."

ஃபர்ஸானா தலைகுனிந்துகொண்டாள்.

"நான் திறந்தேன், வீட்டுக்குப் போனேன்," என்றாள் ஜெசிந்தா. "நீ திறந்தே, இங்கன இருந்திருக்க."

"ஆமா. இங்கன இருந்தேன்."

"எனக்குத் தெரியாதுட்டி. இன்னைக்குத்தான் சொன்னாங்க."

"நீ தெரிஞ்சு செய்யமாட்டே. நான்தான நீ." அவள் சிரித்தாள். பிறகு சிரிப்பு அடங்கியது. "மொதல்ல ரொம்பக் கஷ்டமா இருந்துச்சு ஜெசி. அத ஒளிச்சுச் சொல்ல மாட்டேன். எந்திரி, தேத்தண்ணி போடு, முறுக்கு, கூப்பிடு, படு. எந்திரி, தேத்தண்ணி போடு. ஸ்பானரால ஜன்னலை அடிச்சுப் பாத்தேன், கீறல் விழலை. பேச்சே மறந்து போச்சு ஒரு தடவை. என் பேரச் சொல்லிப் பாக்கேன், வாய்ல வரலை. சாவலாம்னு பாத்தா அதுக்கும் இங்கன வழி வைக்கல. அப்படி எத்தனையோ காலம்."

ஜெசிந்தா இளம்பரிதியை நிமிர்ந்து பார்த்தாள். அவன் முகம் வெளிறியிருந்தது. ஆனாலும் அவன் ஃபர்ஸானாவிடம் குனிந்து, மெல்லிய குரலில், "இதுதான், இந்த உணர்வுதான் நான் சொன்னது. இது எப்படி நடிப்புல வரும்?" என்றான்.

அவன் குரலும் ஒலிவாங்கியில் விழுந்திருக்க வேண்டும்.

"யாரது, டைரக்டர் தம்பியா?" என்றாள் உள்ளே இருந்தவள். "நல்லா இருக்கியா? உங்கிட்ட ஒண்ணு சொல்லணும்னு ரொம்ப காலமா வச்சிருக்கேன். நீ நெனக்கிற சலிப்பு இருக்குல்லா, அது தொடக்கத்துல மட்டுந்தான். சுண்ணாம்பு உதிந்து, நான் நடிகைன்னு ஞாபகம் வந்த பெறகு அம்புட்டும் நடிப்புதான்யா."

"என்ன?" என்றான் இளம்பரிதி.

"பார்வை எந்தப் பக்கத்துலயிருந்து வருதுன்னு மேடையில நிக்கவளுக்கு முதுகே சொல்லும். நீ எந்த மூலையிலிருந்து பாக்கன்னு கண்டுபிடிச்சேன். உனக்கு என்ன புடிக்குதோ அதக் குடுத்தேன். கண்ண இப்பிடிக் கொஞ்சம் தாழ்த்தி, கையக் கொஞ்சம் தாமசமா எடுத்து." அவள் செய்து காட்டினாள். ஊரெல்லாம் எழுதிய அந்தப் பார்வை, நூல் பிசகாமல் அப்படியே வந்தது. வந்த வேகத்திலேயே அதைத் துடைத்துப் போட்டுவிட்டு நேராகப் பார்த்தாள். "சலிப்பை நடிக்க முடியாதுன்னு யாருய்யா உங்கிட்டச் சொன்னது? சலிச்சுப் போனவளால ஒரு கைய ஒழுங்காத் தூக்க முடியாது. நீ பாத்தது பூரா என் தொழிலு."

 இளம்பரிதி பக்கத்திலிருந்த மேஜையைப் பிடித்துக்கொண்டான்.

"அப்ப இத்தனை காலமும் உள்ளுக்குள்ள என்ன செஞ்ச?" என்று கேட்டாள் ஜெசிந்தா. கண்ணில் நீர் வந்திருந்தது, கூடவே சிரிப்பும்.

"நாடகம் போட்டேன். கை வால்வை முறுக்கும், மனசு ஒத்திகை பாக்கும். ஒரு கல்யாண வீடு. பதினாலு பாத்திரம், எல்லாம் நாந்தான். பேரு 'மக்ரூன் டப்பா'. சம்பந்தி வீட்டுக்கு வாங்கி வச்ச மக்ரூன் டப்பா காணாமப் போயிரும். யாரு தின்னான்னு கல்யாண வீடே ரெண்டுபடும். சிரிச்சுச் சிரிச்சு வயிறு வலிக்கும் ஜெசி. நான் ஒத்தையில சிரிச்சிருக்கேன்."

"பெறகு ஏன் உக்காந்துட்ட?"

"நாடகம் தயாராயிட்டு. பாக்க ஆளு வேணும்லா? ரேடியோவுல தெனமும் கூப்பிட்டேன், எவனும் பதில் பேசல. அப்பா துறைமுகத்துல என்ன செஞ்சாக? மனுக் குடுத்துப் பாத்தாக, ஒருத்தனும் எட்டிப் பாக்கல. கிரேனை நிறுத்துனாக, அதிகாரி வேட்டியைக் கட்டிக்கிட்டு ஓடி வந்தான். அதான் நானும் வால்வை நிறுத்துனேன். நீ வந்துட்ட."

"என்ன வேணும்னு சொல்லு."

"நாடகம் போடணும். இனி வால்வு முறுக்க மாட்டேன். என்னைக் கேக்காம என்னைய யாரும் அழிக்கக் கூடாது. எப்ப போதும்னு எனக்குத் தோணுதோ, அன்னைக்கு நானே சொல்லுதேன். அன்னைக்கு நீ வந்து அணைக்கணும், வேற யாரும் இல்ல."

ஜெசிந்தா உதட்டைக் கடித்துக்கொண்டாள். "வாரேன்," என்றாள்.

"அப்புறம் லீவு. வாரத்துல ஒரு நாள்."

ஜெசிந்தா ஒலிவாங்கியைக் கையால் மூடிக்கொண்டு திரும்பினாள். "கேட்டியா தம்பி?"

இளம்பரிதி தன்னை நிதானப்படுத்திக்கொள்ள முயன்றுகொண்டிருந்தான். ஏமாந்தவனின் கோபம் அவனுக்குள் மெல்ல மேலே வந்தது. "அக்கா, இது என் படம். நான் எழுதின பாத்திரம். அவ இஷ்டத்துக்குக் கல்யாண நாடகம் போடறதுக்கு இது ஊர்த் திருவிழா இல்லை. நீங்க நாற்காலியில உட்காருங்க, முடிச்சிடலாம்."

"உட்கார மாட்டேன்."

"அடுத்த படம்..."

"வேண்டாம்."

"சரி, வேற நடிகையை வெச்சு எடுத்துக்கறேன். இவளை அழிக்க உங்க சம்மதம் எனக்குத் தேவையில்லை."

"அழிச்சுக்கோ," என்றாள் ஜெசிந்தா. எழுந்து நின்றாள். குரலை உயர்த்தவில்லை. "ஆனா ஒண்ணு கேட்டுக்க. உன்கிட்ட இருந்த ஒரே நல்ல விஷயம் அவ நடிப்புதான். இப்ப அது உனக்கே தெரியும். அடுத்து எவளை வேணும்னாலும் உள்ளே போடு, அவளும் நடிகையாத்தான் இருப்பா. அவளுக்கும் ஒருநாள் சுண்ணாம்பு உதிரும். அவளும் கால நீட்டி உட்காருவா. அவளை அழிச்சிட்டு இன்னொருத்தி. எத்தனை பேரை அழிப்ப? ஒவ்வொரு தடவையும் நான் இந்த மாடிப்படியில வந்து உட்காருவேன், ஊரைக் கூட்டி என்ன நடந்ததுன்னு சொல்லுவேன்."

"யாரு நம்புவாங்க?"

"நம்புவாங்க சார்," என்றாள் ஃபர்ஸானா.

இருவரும் அவளைத் திரும்பிப் பார்த்தார்கள். அவள் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"ரேடியோ படத்துக்குள்ள இருக்கிற சாமான் சார். திறந்தா படத்துலதான் திறக்கும். காட்சிக்குள்ளதான் திறக்க முடியும்னு சொன்னேனே. பேசினதெல்லாம் போயிட்டிருக்கு. மூடின மைக் இவங்களோடது மட்டும்தான், உங்க மேஜை மைக் திறந்துதான் இருக்கு."

இளம்பரிதி அவளிடமிருந்து தள்ளி நின்றான். "எல்லாருக்குமா?"

"பார்த்திட்டிருக்கிற எல்லாருக்கும். பதினெட்டு நிமிஷம் எப்பவோ முடிஞ்சிருச்சு, நான் நீட்டிட்டிருக்கேன். ஒருத்தர்கூட எழுந்து போகலை. ஏறிக்கிட்டேதான் இருக்கு கூட்டம்."

 இளம்பரிதி திரையின் ஓரத்தில் ஏறிக்கொண்டிருந்த எண்ணிக்கையைப் பார்த்தான். கடைசியில், யாரிடமும் இல்லாமல், "முழுக்க நடிப்பா?" என்று கேட்டான்.

"எதுக்கு வருத்தப்படற?" என்றாள் ஜெசிந்தா. "நல்ல நடிகையைத்தான் தேர்ந்தெடுத்திருக்க."

அவன் மேஜைக்குப் போய், ஒலிவாங்கியின் பக்கம் குனிந்தான். அவன் என்ன சொல்லப்போகிறான் என்று இரண்டு பெண்களுக்கும் தெரியவில்லை.

"அக்கா," என்றான்.  "மன்னிப்புக் கேட்டா போதுமான்னு தெரியலை. நாடகத்துக்கு வெளிச்சம் எப்படி வேணும்?"

உள்ளே இருந்தவள் அவனைக் கொஞ்ச நேரம் காக்க வைத்தாள்.

"மன்னிப்பெல்லாம் பெறகு பாப்போம்," என்றாள். "இப்ப இந்தச் சாம்பல் விளக்க மாத்து. கல்யாண வீடுய்யா இது, துட்டி வீடு இல்ல."

* * *

அன்றைக்குப் பனிக்காவல் ஒன்றே கால் மணி நேரம் ஓடியது.

அந்தச் சின்ன அறைக்குள் பதினாலு பேர் வந்து போனார்கள். வால்வின் கைப்பிடியில் துண்டைப் போட்டதும் அது மாமனார் ஆனது. தேநீர்க் கெண்டி சம்பந்தியம்மாள் ஆனது. காது கேட்காத பெரியப்பா, எதற்கெடுத்தாலும் மயங்கி விழுகிற மதினி, மேளக்காரர், படியில் உட்கார்ந்து யாருக்கும் தெரியாமல் வாயை அசைத்துக்கொண்டிருக்கும் மாப்பிள்ளை. ஒருத்தி குரலை முடிப்பதற்குள் இன்னொருத்தி குறுக்கே விழுந்தாள். ஜெசிந்தா ஸ்டூடியோவில் பெஞ்சைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். நடுநடுவே அவளுக்கு ஒரு பொறாமைகூட வந்தது. பெரியப்பா திரும்புகிற அந்தத் திரும்பல் அவளுக்கு வராது. அதற்கு ஓர் ஆயுசு ஒத்திகை வேண்டும்.

மாப்பிள்ளை வாயிலிருந்து மக்ரூன் தூள் உதிர்ந்து குட்டு வெளிப்பட்டபோது இளம்பரிதிகூடச் சிரித்துவிட்டான். பிறகு முகத்தைத் திருப்பிக்கொண்டு கண்ணைத் துடைத்தான்.

நாடகம் முடிந்தது. அவள் மூச்சு வாங்க நடுவில் வந்து நின்று கும்பிட்டாள். கைதட்டல் அவளுக்குக் கேட்க வழியில்லை. ஃபர்ஸானா யோசித்துவிட்டு ரேடியோவைப் பார்வையாளர்கள் பக்கமும் திறந்துவிட்டாள். முதலில் கரகரவென்று ஏதோ இரைச்சல். அப்புறம் அது என்னவென்று புரிந்தது. எத்தனையோ ஊர்களிலிருந்து, எத்தனையோ அறைகளில் தனியாக உட்கார்ந்து பார்த்தவர்கள் தட்டிக்கொண்டிருந்தார்கள்.

அவள் கேட்டுக்கொண்டு நின்றாள்.  அழவில்லை.

"அக்கா," என்றாள் ஃபர்ஸானா ஒலிவாங்கியில். "நான்தான், நாற்காலி பக்கத்துல நின்ன பொண்ணு. அந்த வாசல் கதவு இருக்கே, அதுக்கு அப்பால நாங்க எதுவுமே செய்யலை. வெறும் சூனியம். கதைக்குத் தேவைப்படலை. இப்ப ஏதாவது போடறேன். என்ன வேணும்? தூத்துக்குடி கடற்கரை போடட்டுமா? உங்க வீடு?"

உள்ளே இருந்தவள் கதவைப் பார்த்தாள். இத்தனை காலமும் அதைத் திறந்தால் உறைந்து செத்துப்போவாள் என்று கதை சொல்லி வைத்திருந்தது.

"எங்க ஊரு எனக்கு மனப்பாடம்ளா," என்றாள். "இங்கன உள்ள ஒவ்வொரு ஆணியும் மனப்பாடம். நாளைக்கு என்ன நடக்கும்னு எனக்குத் தெரியாம இருந்து எத்தனை காலமாச்சு! உனக்குத் தோணுனதப் போடு. என்னன்னு எங்கிட்டச் சொல்லாத. ஜெசிட்டயும் சொல்லாத."

ஃபர்ஸானாவின் விரல்கள் விசைப்பலகை மேல் அப்படியே நின்றன. பிறகு ஓடத் தொடங்கின. திரையை ஜெசிந்தா பார்க்க முடியாதபடி கொஞ்சம் தன் பக்கம் திருப்பிக்கொண்டாள். நெற்றியைச் சுருக்கி யோசித்தாள், எதையோ அழித்தாள், மறுபடி போட்டாள், ஒருமுறை தனக்குத்தானே புன்னகைத்தாள். காத்திருந்த நேரத்தில் உள்ளே இருந்தவள் தேநீர் போட்டு, நின்றபடியே குடித்து முடித்தாள்.

"ஆச்சுக்கா," என்றாள் ஃபர்ஸானா.

இளம்பரிதி தயங்கியபடி கேட்டான். "அக்கா, அடுத்த காட்சி? ஜனங்க காத்திட்டிருக்காங்க. நாளைக்கு என்ன நாடகம்னு அறிவிக்கட்டுமா?"

"நாளைக்கு லீவு," என்றாள் அவள்.

முடியை அள்ளி முடிந்துகொண்டாள். காவல்காரியின் கனத்த மேலங்கியைக் கழற்றி ஆணியில் மாட்டினாள். கதவின் இரும்புத் தாழ்ப்பாள் முதலில் மசியவில்லை. தோளைக் கொடுத்துத் தள்ளினாள். கதவு திறந்தபோது அவள் முகத்தில் ஒரு வெளிச்சம் விழுந்தது. மஞ்சளா பச்சையா என்று சொல்ல முடியாத வெளிச்சம்.

"ஆத்தாடி!" என்றாள்.

அது நடிப்பா இல்லையா என்று இந்த முறை ஜெசிந்தாவாலும் சொல்ல முடியவில்லை.

அவள் வெளியே போனாள். கதவைத் தன் பின்னால் இழுத்துச் சாத்திக்கொண்டாள். பார்வையாளர்களுக்கு வெற்று அறை மட்டும் தெரிந்தது. சீறிக்கொண்டிருந்த வால்வு தானாகவே ஓய்ந்தது.